ஒரே நாளில் மாற்றுவதா, ஒரு லைனில் பார்ப்பதா, கூடிப் பேசுவதா? மலையில் ஆள் வைத்து வேலை நடத்துகிறவர்களுக்கு ஓர் ஒப்பீடு

நீலகிரியில் பத்துப் பேரோ இருநூறு பேரோ வைத்து வேலை நடத்துகிறவர்களிடம் பேசினால் ஒரு கேள்வி திரும்பத் திரும்ப வருகிறது. கோத்தகிரிப் பக்கம் இலை வாங்கித் தூளாக்கும் ஃபேக்டரிக்காரர் கேட்கிறார். ஊட்டியில் முப்பது அறை லாட்ஜ் நடத்துகிறவர் கேட்கிறார். கூடலூரில் சுய உதவிக் குழுக்களைப் பார்த்துக்கொள்கிறவரும் கேட்கிறார். "மாத்தணும்னு முடிவாகிடுச்சு. ஒரே அடியா மாத்திடறதா, ஒரு பக்கம் செஞ்சு பாக்கறதா, எல்லாரையும் உக்கார வெச்சுப் பேசறதா?"

பெரும்பாலும் இதற்குப் பதில் முதலாளியின் சுபாவத்திலிருந்துதான் வருகிறது. அவசரக்காரர் உத்தரவு போடுகிறார், பயந்தவர் சோதனை என்கிறார், நல்ல மனுஷன் கூட்டம் போடுகிறார். சுபாவத்தை வைத்து வழியைத் தேர்ந்தெடுப்பதில் எனக்கு உடன்பாடில்லை. மாற்றப்போகிற வேலை எப்படிப்பட்டது, அதில் யாருக்கு என்ன குறைகிறது என்பதுதான் வழியைச் சொல்ல வேண்டும்.

பேச்சுக்கு ஒரு தேயிலை ஃபேக்டரியை எடுத்துக்கொள்வோம். சிறு விவசாயிகளிடம் பசுந்தேயிலை வாங்கி, ரோலரில் நசுக்கி, கிழித்து, சுருட்டி சி.டி.சி. தூள் தயாரிக்கும் இடம். முதலாளி மூன்று காரியம் செய்ய நினைக்கிறார். கையால் எழுதும் எடைச்சீட்டுக்குப் பதிலாக மின்னணுத் தராசு வைத்து, எடை உடனே விவசாயியின் போனுக்குப் போக வேண்டும். எல்லா இலைக்கும் ஒரே விலை என்பதை விட்டுவிட்டு, கொழுந்துக்கு ஒரு விலை, முற்றிய இலைக்கு ஒரு விலை என்று தரம் பிரிக்க வேண்டும். பணம், இலையைச் சேகரித்து ஏற்றி வரும் ஏஜெண்ட் கையில் போகாமல் நேராக விவசாயியின் வங்கிக் கணக்குக்குப் போக வேண்டும். இந்த மூன்றையும் சேர்த்து அவர் "டிஜிட்டல் ஆக்கறோம்" என்று ஒரே பெயரில் சொல்கிறார். சிக்கல் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

## எதை வைத்து ஒப்பிடுவது

பழையதும் புதியதும் கூடவே ஓடுமா? இரண்டும் சில காலம் பக்கத்தில் பக்கத்தில் நடக்க முடியுமானால் மெதுவாகப் போகலாம். முடியாது என்றால் எவ்வளவு ஆசைப்பட்டாலும் படிப்படியாகப் போக முடியாது.

யாருக்கு எது குறைகிறது? இதைத்தான் பலர் விட்டுவிடுகிறார்கள். பணம் குறைவது கண்ணுக்குத் தெரியும். மரியாதை குறைவது தெரியாது. மழை நாளில் இலையில் இருக்கும் ஈரத்துக்கு எவ்வளவு கழிப்பது என்பதை இதுவரை எடை போடுகிறவர்தான் முடிவு செய்தார். அந்தக் கழிவு அவர் கையில் இருக்கும்வரை ஊரில் அவருக்கு ஒரு மதிப்பு இருந்தது. தராசு தானாகச் சீட்டு அடித்துக் கொடுத்தால் அவருடைய சம்பளத்தில் ஒரு ரூபாயும் குறையாது, ஆனாலும் அவர்தான் முதலில் எதிர்ப்பார். "அண்ணே, மெஷின் தப்புக் காட்டுது" என்று தினமும் ஒரு புகார் வரும்.

வேலையின் நெளிவு சுளிவு யாருக்குத் தெரியும்? ஈரம் குறைய இலையை வாட விடும் வாடல் தொட்டியில் கிடக்கும் இலையைக் கையில் அள்ளிப் பிசைந்து பார்த்து "இன்னும் ரெண்டு மணி நேரம் போகட்டும்" என்று சொல்கிறவரின் அறிவு ஆபீஸில் இல்லை. அவரைக் கேட்காமல் வாடல் நேரத்தை மாற்றினால் விளைவு ஏல விலையில் தெரியும்.

எவ்வளவு அவகாசம் இருக்கிறது? ஏப்ரல் முதல் ஜூன் வரை இலை கொட்டும். அதே மே மாதத்தில் ஊட்டியில் மலர்க்கண்காட்சிக் கூட்டம். இரண்டு தொழிலுக்கும் அது கை வைக்கக் கூடாத காலம்.

முன்னால் கொடுத்த வாக்கைக் காப்பாற்றியிருக்கிறீர்களா என்பதும் ஒரு கணக்குத்தான். போன தடவை "போனஸில் கை வைக்க மாட்டோம்" என்று சொல்லிவிட்டுக் கை வைத்திருந்தால் கீழே சொல்லப்போகிற மூன்று வழியுமே கடினம்.

## முதல் வழி: ஒரே நாளில் மாற்றுவது

தேதி குறித்து, அன்று காலையிலிருந்து எல்லோருக்கும் புது முறை. பழையதும் புதியதும் கூட ஓட முடியாத இடத்தில் இதுதான் ஒரே வழி. நாட்டில் பாதிக் கடை பழைய வரியும் பாதிக் கடை ஜி.எஸ்.டி.யும் போட்டுக்கொண்டிருக்க முடியாது என்பதால்தான் 2017 ஜூலை 1 என்று தேதி வைத்தார்கள். சுவீடன் 1967 செப்டம்பர் 3 அன்று விடியற்காலை ஐந்து மணிக்கு நாடு முழுவதும் இடப்பக்கம் ஓட்டுவதிலிருந்து வலப்பக்கத்துக்கு மாறியது. ஆனால் அந்த முடிவை அவர்கள் நாடாளுமன்றம் எடுத்தது 1963ல். நடுவில் நான்கு வருடம் பலகை, சாலை, பஸ், பிரசாரம் என்று தயாரிப்பு நடந்தது. ஒரே நாள் மாற்றத்தை விரும்புகிறவர்கள் அந்த நாளை மட்டும் பார்க்கிறார்கள், நான்கு வருடத்தைப் பார்ப்பதில்லை.

பாதுகாப்பு விஷயம் என்றால் யோசிக்கவே வேண்டாம். சி.டி.சி. ரோலருக்குக் காப்பு மூடி போடாமல் ஓட்டக் கூடாது என்பதை ஒரு ஷிப்டில் சோதனை செய்து பார்க்க எதுவும் இல்லை.

மறைந்திருக்கும் செலவு என்று பார்த்தால், முதலாவது வாய் திறக்காத சம்மதம். எல்லோரும் தலையாட்டுவார்கள், மேசைக்கு அடியில் பழைய நோட்டு ஓடிக்கொண்டே இருக்கும். மூன்று மாதம் கழித்து இரண்டு கணக்கும் ஒத்துவராதபோதுதான் தெரியவரும். இரண்டாவது, ஆள் போவது. கோயம்புத்தூரும் திருப்பூரும் பஸ் ஏறினால் வந்துவிடுகிற தூரம். நல்ல டீ மேக்கர் ஒருவர் மனம் வெறுத்து வேறு ஃபேக்டரிக்குப் போனால் அந்த நஷ்டம் எந்த லெட்ஜரிலும் ஏறாது.

மூன்றாவது இந்தத் தொழிலுக்கே உரியது. பறித்த இலை காத்திருக்காது. "நாளையிலிருந்து முற்றிய இலைக்குப் பாதி விலை" என்று முன்பேச்சு இல்லாமல் அறிவித்தால், நாளைக்கே அந்த இலை பள்ளத்துக்கு அந்தப் பக்கம் இருக்கும் ஃபேக்டரிக்குப் போய்விடும். முற்றிய இலை மட்டுமல்ல, அதே விவசாயியின் நல்ல கொழுந்தும் சேர்ந்து போகும்.

## இரண்டாம் வழி: ஒரு லைனில் முதலில் பார்ப்பது

ஒரு இலை சேகரிப்பு லைன், லாட்ஜில் ஒரு மாடி, பள்ளியில் ஒரு வகுப்பு. அங்கே மட்டும் புது முறை, மற்ற இடத்தில் பழையது. கேட்பதற்கு இதுதான் புத்திசாலித்தனமாகத் தெரியும். பல நேரம் அப்படித்தான்.

மின்னணுத் தராசுக்கு இது கச்சிதமாகப் பொருந்தும். எந்த ஹட்டியில் (படுகர் ஊரில்) டவர் கிடைக்காது, மழையில் பேட்டரி எத்தனை மணி நேரம் தாங்கும், அடுத்தவர் நம்பரைக் கொடுத்த விவசாயிக்கு மெசேஜ் போகாமல் என்ன சண்டை வருகிறது என்பதெல்லாம் ஒரு லைனிலேயே தெரிந்துவிடும். ஒன்றை மட்டும் கவனிக்க வேண்டும். ஒரே எடை மேடையில் பழைய தராசையும் புதியதையும் சேர்த்து வைக்காதீர்கள். இரண்டு எடை காட்டினால் எது நிஜம் என்று தினமும் பஞ்சாயத்துதான். ஒரு லைனுக்கு ஒரு தராசு.

ஆனால் தரம் பிரித்து விலை போடுவதற்கு இந்த வழி உதவாது. ஒரு லைனில் மட்டும் முற்றிய இலைக்கு விலை குறைந்தால் என்ன நடக்கும்? அந்த லைனில் இருக்கும் விவசாயி கொழுந்தை இங்கே போடுவார், முற்றியதை மச்சினன் பெயரில் அடுத்த லைனில் போடுவார். உங்கள் அறிக்கையில் "சோதனை லைனில் தரம் உயர்ந்தது" என்று அழகாக வரும். ஃபேக்டரிக்குள் வந்த மொத்த இலை அப்படியேதான் இருக்கும். ஒரு பக்கம் அழுத்தினால் மறுபக்கம் வழிகிற விஷயம் எதையும் ஒரு பக்கத்தில் மட்டும் சோதிக்கக் கூடாது.

சோதனைக்கு எந்த லைனைத் தேர்ந்தெடுக்கிறோம் என்பதும் உண்டு. இயல்பாகவே நாம் நல்ல சூப்பர்வைசர் இருக்கும் லைனைத்தான் எடுப்போம். அங்கே எது செய்தாலும் நடக்கும். சோதனையின் நோக்கம் கற்றுக்கொள்வது என்றால் நடுத்தரமான ஒரு லைனை எடுங்கள், கொஞ்சம் முணுமுணுக்கிற ஆளும் இருக்கட்டும். அப்புறம் காலம். டிசம்பர், ஜனவரி உறைபனியில் இலை குறைவு என்று அப்போது சோதனை வைப்பார்கள். பழகுவதற்கு அது நல்ல காலம்தான். ஆனால் பனிக்காலத்தில் ஓடிய முறை மே மாத இலையைத் தாங்கும் என்பதற்கு அதில் எந்த ஆதாரமும் இல்லை. படுக இன மக்களின் ஹெத்தையம்மன் பண்டிகையும் அந்தச் சமயத்தில்தான் வரும். அந்த வாரத்தில் பயிற்சி வகுப்பு வைத்துவிட்டு ஆள் வரவில்லை என்று புலம்பிப் பயனில்லை.

இரண்டு முறையும் ஓடும்போது ஆபீஸில் கணக்கு எழுதுகிறவருக்கு வேலை இரட்டிப்பாகும். அவருக்கு அதற்காக ஏதாவது தருகிறீர்களா என்பதையும் செலவில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

## மூன்றாம் வழி: கூடிப் பேசி அவர்களையே வடிவமைக்கச் சொல்வது

இதற்கு ஆதரவாகப் பேசும் பழைய ஆய்வு ஒன்று இருக்கிறது. அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலத்தில் மேரியன் என்ற ஊரில் பைஜாமா தைக்கும் ஹார்வுட் தொழிற்சாலை. அங்கே வேலை முறையையும் பீஸ் ரேட்டையும் (உருப்படிக்கு இவ்வளவு என்ற கூலியையும்) மாற்றும்போது லெஸ்டர் காச், ஜான் ஃபிரெஞ்ச் என்ற இருவர் தொழிலாளர்களைக் குழுக்களாகப் பிரித்துப் பார்த்தார்கள். 1948ல் முடிவை வெளியிட்டார்கள். ஒரு குழுவுக்குக் காரணத்தை விளக்கிவிட்டுப் புது முறையை அறிவித்தார்கள். ஒரு குழு தன் பிரதிநிதிகள் மூலம் கலந்துகொண்டது. மற்ற குழுக்களில் எல்லோரும் சேர்ந்து புது வேலை முறையை வகுத்தார்கள். வெறும் அறிவிப்பு கேட்ட குழுவில் உற்பத்தி விழுந்தது, எழவே இல்லை. முதல் 40 நாளில் அதில் 17 சதவீதம் பேர் வேலையை விட்டார்கள். எல்லோரும் கலந்துகொண்ட குழுக்கள் சீக்கிரமே பழைய அளவைத் தொட்டு, அதைவிட 14 சதவீதம் அளவுக்கு மேலே போயின.

எனக்கு இதில் பிடித்தது அடுத்த பகுதி. அந்தத் தோற்ற குழுவில் மிஞ்சியவர்களை இரண்டரை மாதம் கழித்து வேறு வேலைக்கு மாற்றும்போது, இந்தத் தடவை அவர்களையும் முழுமையாகக் கலந்துகொள்ள வைத்தார்கள். அதே ஆட்கள் நன்றாகவே செய்தார்கள். "நம்ம ஆளுங்க மாறவே மாட்டாங்க" என்று சொல்கிற முதலாளிகளிடம் நான் இந்தக் கதையைத்தான் சொல்வது.

சரி, அப்படியானால் எல்லாவற்றுக்கும் கூட்டம் போட்டுவிடலாமா? அதே ஃபிரெஞ்ச் வேறு இருவரோடு சேர்ந்து நார்வேயில் ஒரு செருப்புத் தொழிற்சாலையில் இதுபோல் செய்து 1960ல் வெளியிட்டபோது இவ்வளவு பெரிய வித்தியாசம் வரவில்லை. தங்களைக் கேட்டது நியாயமான, தங்களுக்கு முக்கியமான விஷயத்தில் என்று தொழிலாளர்கள் நினைக்க வேண்டும். அற்ப விஷயத்தில் கருத்துக் கேட்டால் பெரிதாக எதுவும் நடக்காது.

நம் ஊரில் இதற்கு வேறு செலவுகளும் உண்டு. கூட்டம் என்றால் யார் வருகிறார்கள்? இலை பறிப்பது பெரும்பாலும் பெண்கள், கூட்டத்துக்கு வந்து முன்வரிசையில் உட்காருவது ஆண்கள். மாலை ஆறு மணிக்குக் கூட்டம் வைத்தால் கடைசி பஸ்ஸைப் பிடிக்க வேண்டியவர்கள் பாதியில் எழுந்து போவார்கள். ட்ரையர் பக்கம் நிற்கிற ஜார்க்கண்ட், அசாம் பையன்களுக்குத் தமிழில் நடக்கும் கூட்டத்தில் ஒன்றும் புரியாது. ஊர்ப் பெரியவர் ஒருவர் முதலில் பேசிவிட்டால், அவருக்கு எதிராக யாரும் வாய் திறக்க மாட்டார்கள், அவர் சொன்னதே முடிவாகிவிடும். அதனால் பெரிய கூட்டத்துக்கு முன்னால் நான்கைந்து பேராக, வேலை நேரத்துக்குள்ளேயே, சம்பளம் பிடிக்காமல் பேசுவதுதான் பலன் தரும்.

எல்லாவற்றையும்விடப் பெரிய செலவு பொய்க் கலந்தாலோசனை. முடிவை எடுத்து வைத்துக்கொண்டு "உங்க அபிப்ராயம் சொல்லுங்க" என்று கேட்பது உத்தரவு போடுவதைவிட மோசம். உத்தரவு போட்டால் கோபம் மட்டும் வரும். ஏமாற்றிக் கேட்டால் அடுத்த தடவை நிஜமாகக் கேட்கும்போதும் பதில் வராது. எது முடிவாகிவிட்டது, எது திறந்திருக்கிறது என்று முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிடுங்கள். "தரம் பிரிப்பது நிச்சயம். எத்தனை தரம், யார் பார்த்துச் சொல்வது, தகராறு வந்தால் யாரிடம் போவது, இதை நீங்கள் சொல்லுங்கள்" என்றால் பேச்சு நடக்கும்.

கூட்டுறவு ஃபேக்டரி என்றால் கணக்கே வேறு. குன்னூரைத் தலைமையிடமாகக் கொண்ட இண்ட்கோசர்வ் என்ற தேயிலைக் கூட்டுறவு இணையம் 1965லிருந்து இருக்கிறது. அதன் கீழ் இருக்கும் கூட்டுறவு ஃபேக்டரிகளில் இலை போடும் விவசாயியே உறுப்பினர். அங்கே பேசுவது மேலாளர் காட்டும் தாராளம் இல்லை, அவர் கடமை.

## இன்னொரு வழி: இப்போதைக்கு வேண்டாம்

தள்ளிப்போடுவதும் ஒரு தேர்வுதான். சீசன் தலைக்கு மேல் இருக்கும்போது, அல்லது முதலாளிக்கே எதற்காக மாற்றுகிறோம் என்று தெளிவாகச் சொல்ல வராதபோது, தள்ளிப்போடுவதே சரி.

இங்கே பலரும் போட்டோ பிலிம் தயாரித்த ஊட்டி இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸை உதாரணம் காட்டுவார்கள், "டிஜிட்டல் கேமரா வந்தது, மாறாமல் இருந்தார்கள், மூடிவிட்டது" என்று. 1960ல் தொடங்கி 1967ல் உற்பத்திக்கு வந்த அந்த நிறுவனம் நலிந்த நிறுவனமாக அறிவிக்கப்பட்டது 1996ல். அப்போது நம் வீடுகளில் டிஜிட்டல் கேமரா ஏது? நோய் அதற்கு முன்பே பிடித்துவிட்டது. மாற வேண்டிய காரணத்தைத் தவறாகப் புரிந்துகொண்டால், சீக்கிரம் மாறினாலும் தவறான இடத்தைத்தான் மாற்றுவோம்.

## பக்கத்தில் வைத்துப் பார்த்தால்

| | ஒரே நாளில் | ஒரு லைனில் முதலில் | கூடிப் பேசி |
|---|---|---|---|
| பழையதும் புதியதும் கூட ஓடாவிட்டால் | இதுதான் வழி | முடியாது | தேதிக்கு முன் பேசி முடிக்கலாம் |
| பணமோ மரியாதையோ குறைகிறவர் இருந்தால் | வெளியேறுவார், அல்லது உள்ளிருந்தே இழுப்பார் | அடுத்த லைனுக்கு நழுவுவார் | ஈடு என்ன என்று பேச இடமுண்டு |
| நுட்பம் கீழே இருப்பவருக்குத் தெரிந்திருந்தால் | தவறு தாமதமாகத் தெரியும் | தவறு சிறிய அளவில் தெரியும் | தவறு நடக்கும் முன்பே தெரியும் |
| தேவைப்படும் காலம் | நாள் ஒன்று, தயாரிப்பு பல மாதம் | ஒரு பனிக்காலமும் ஒரு சீசனும் | பேச்சுக்கே சில வாரம் |
| கண்ணுக்குத் தெரியாத செலவு | மேசைக்கு அடியில் பழைய நோட்டு | இரட்டை வேலை, ஏமாற்றும் முடிவு | சத்தமாகப் பேசுகிறவரின் முடிவு |
| பொருந்தும் இடம் | பாதுகாப்பு, சட்டம், விலை விதி | கருவி, மென்பொருள் | ஷிப்டு, வேலைப் பங்கீடு, தரவிதி |

## கலந்து செய்வது

நடைமுறையில் மூன்றையும் கலந்துதான் செய்ய வேண்டியிருக்கும். இதற்கு நம் மலையிலேயே பெரிய உதாரணம் இ-பாஸ். சென்னை உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2024 மே 7 முதல் ஊட்டிக்கும் கொடைக்கானலுக்கும் வெளியூர் வண்டிகள் இ-பாஸ் எடுக்க வேண்டும் என்று ஒரே நாளில் வந்தது. ஆனால் அப்போது வரம்பு கிடையாது, விண்ணப்பித்தவருக்கெல்லாம் கிடைத்தது. எத்தனை வண்டி ஏறுகிறது என்ற கணக்கு சேர்ந்தது. 2025 ஏப்ரலில்தான் நீலகிரிக்கு வார நாளில் 6,000 வண்டி, வார இறுதியில் 8,000 வண்டி என்று வரம்பு வந்தது. முறையைப் பழக்குவது ஒரு கட்டம், அது கடிக்க ஆரம்பிப்பது அடுத்த கட்டம் என்று பிரித்துவிட்டார்கள். வரம்பு வந்தபோது வணிகர்கள் கடையடைத்தார்கள். பாஸ் எடுக்கும் முறை அதற்குள் பழகிவிட்டது. எதிர்ப்பு வியாபாரம் குறையும் என்பதற்கு வந்தது. அந்த இடத்தில் எவ்வளவு பயிற்சி கொடுத்தும் பயனில்லை, நஷ்டத்தைப் பற்றித்தான் பேச வேண்டும்.

நம் ஃபேக்டரிக்கு இதையே பொருத்தினால், நான் இப்படிச் செய்யச் சொல்வேன். தராசை டிசம்பரில் ஒரு லைனில் வையுங்கள். மே மாதத்தையும் அதே லைனில் தாண்டட்டும், பிறகு மற்ற லைன்களுக்கு ஒவ்வொன்றாக. எடை போடுகிறவரை அந்த லைனில் மெஷின் சரிபார்க்கும் பொறுப்பாளராக்குங்கள், மதிப்பு வேறு வடிவில் அவரிடமே இருக்கட்டும். தரம் பிரிப்பதற்கு ஜூலை, ஆகஸ்ட் மழையில் ஊர் ஊராகச் சின்னக் கூட்டம் வைத்துப் பேசி விதியை எழுதி முடித்துவிட்டு, விலை மாறாமல் சில வாரம் சீட்டில் தரத்தை மட்டும் அச்சடித்துக் கொடுங்கள். விவசாயிக்குத் தன் இலை எந்தத் தரம் என்று தெரிந்துவிடும். அதற்குப் பிறகு எல்லா லைனிலும் ஒரே தேதியில் விலை.

உள்ளே தொழிலாளர்களின் ஷிப்டு, வேலை நேரம், படி ஆகியவற்றைத் தொடுவதாக இருந்தால் சட்டமும் வருகிறது. 1947ஆம் ஆண்டுத் தொழில் தகராறுச் சட்டத்தின் 9ஏ பிரிவு 21 நாள் முன்னறிவிப்புக் கேட்டது. 2020ஆம் ஆண்டுத் தொழில் உறவுகள் தொகுப்பிலும் அந்த 21 நாள் அப்படியே இருக்கிறது. நோட்டீஸை ஒட்டிவிட்டுச் சும்மா இருக்காமல் அந்த மூன்று வாரத்தைப் பேசுவதற்கு வைத்துக்கொள்ளுங்கள். தமிழில் ஒன்று, இந்தியில் ஒன்று ஒட்டுங்கள்.

ஏஜெண்ட் வழிப் பணத்தைக் கடைசியாகத் தொடுங்கள். அதில் பழையதும் புதியதும் தாராளமாகக் கூட ஓடும். வங்கிக் கணக்கு வேண்டும் என்கிற விவசாயி மாறட்டும், மற்றவர் இருக்கட்டும். ஏஜெண்டைக் கெட்டவர் என்று நினைத்து ஒதுக்கிவிட்டால் மறுநாளே நாற்பது வீட்டு இலையோடு அவர் வேறு ஃபேக்டரி வாசலில் நிற்பார். பிள்ளையின் காலேஜ் பீஸுக்கும் ஆஸ்பத்திரிக்கும் முன்பணம் கொடுத்தது அவர்தான், வங்கி இல்லை. யாருக்கு எவ்வளவு நிலுவை என்று அவரோடு உட்கார்ந்து எழுதி, அதை எப்படி எப்போது தீர்ப்பது, இலை ஏற்றி வருவதற்கு இனி கிலோவுக்கு எவ்வளவு என்று பேசி முடித்த பிறகு தேதி குறியுங்கள்.